ஆடழைக்கும் ஒலி

ஐப்பசி 9, புதன்கிழமை.

தீவில் ஆடு மேய்ப்பவர்களைப் பற்றிய ஆவணப்படத்திற்கு ஒப்புதல் படிவம் எழுதிய வழக்கறிஞன் நான். "குரலும் ஏனைய ஒலிகளும்" என்ற சொற்களையும் நானே சேர்த்தேன். கையெழுத்திட்டுவிட்ட மேய்ப்பர் மாடசாமி இன்று தொலைபேசியில் அழைத்தார்.

"ஐயா, நான் பேசுனதெல்லாம் போடுங்க. ஆட்டைக் கூப்பிடுற சத்தம் மட்டும் வேண்டாம். களவாணிப்பய எவனாவது அதைப் போன்ல போட்டான்னா, மொத்தக் கிடையும் அவன் பின்னால படகு ஏறிரும்."

மலையாளியான இயக்குநர் ஷீபாவிடம் சொன்னேன். "சாரே, படத்துல ரொம்ப நல்லா வந்தது அதுதானே. அவரு கையொப்பு இட்டாச்சல்லே?" என்றார்.

சட்டப்படி அவர் சொன்னது சரி. இருப்பினும் "ஏனைய ஒலிகளும்" என்பதை நீக்கிப் படிவத்தைத் திருத்தினேன், ஷீபா மனமில்லாமல் இசைந்தார். "இனி அதை யாரும் கேட்க மாட்டார்கள்" என்று மாடசாமிக்கு உறுதியளித்தேன்.

சரிபார்ப்பதற்காக எனக்கு அனுப்பிய ஒலிப்பதிவின் பிரதி கணினியில் இருந்தது. அழிக்குமுன் ஒருமுறை ஒலிக்கவிட்டேன். நாக்கை மடித்து எழுப்பும், தாழ்ந்த, அவசரமில்லாத அழைப்பு. இந்த வீட்டுக்குள் எவரும் எவரையும் அழைத்துப் பல மாதங்களாகின்றன. மீண்டும் ஒருமுறை கேட்டேன்.

"யாரும்" என்ற சொல்லில் நானும் அடங்குவேன். ஐயத்திற்கு இடமில்லை. இன்னும் அழிக்கவில்லை.