அடித்தண்டு பச்சை

மாமாவுக்கு,

போனை எடுக்க மாட்டேன்றீங்க, அதான் இந்த லெட்டர்.

தண்ணி வடிஞ்சதும் நேத்து வரப்புல நின்னு பார்த்துட்டு, ஊட்டுக்கு வராமலே கும்மிடிப்பூண்டி ரூமுக்குத் திரும்பிப் போய்ட்டீங்களாம். நெல்லு அழுகிப்போச்சு, ஞாயித்துக்கிழமை உழுது போடுன்னு டிராக்டர்காரர்கிட்ட சொன்னீங்களாமே. எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டா இன்னா?

வெள்ளம் தாங்குற விதைன்னு நான் அடம்புடிச்சு வெதச்சது அது. நீங்க கோச்சிக்கினு போனதும் அதுக்குத்தானே. பத்து நாளு முழுகிக் கெடந்தா எல அழுகத்தான் செய்யும். இன்னும் ஒரு வாரம் உட்டா அடியிலேர்ந்து துளிர்க்கும்.

இன்னிக்கி ஒரு பயிரைப் புடுங்கிப் பார்த்தேன். அடித்தண்டு கெட்டியா, பச்சையா இருக்குது. இந்தக் கவர்லயே வெச்சிருக்கேன், நகத்தால கிள்ளிப் பாருங்க.

அப்பவும் உழுதுதான் ஆகணும்னா, நான் வயலுக்கு நடுவுல நிப்பேன். டிராக்டரை நீங்களே வந்து ஓட்டுங்க.

உங்க ஊட்டுக்காரி