பெட்டிக் கயிறு

லிப்கி,
9 மே 1972

அன்புள்ள ரோசாலியா அக்காவுக்கு,

இங்கே நலம். நீ நலமா? தையல் மிஷின் சத்தத்தில் தங்கை நினைப்பே வருவதில்லை போலும். ஈஸ்டர் வாழ்த்துக்குக்கூட உன்னிடமிருந்து பதில் இல்லை.

எனக்கு ஞாயிற்றுக்கிழமையிலிருந்து தூக்கம் இல்லை. பூசை முடிந்ததும் பாதிரியார் தனியாக அழைத்து, "ஸ்தெஃபானியா, உங்க வீட்டுப் பழைய ஜெர்மன்காரன் எர்வின் அடுத்த வாரம் வர்றானாம். சண்டை கிண்டை போட்டுடாதீங்க" என்றார்.

போர் முடிந்து எல்லை மாறி, நம் ஊர் ரஷ்யாவுக்கும் ஜெர்மனியின் இந்த ஊர் போலந்துக்கும் போனபோது, பெரேஸ்னாவிலிருந்து நம்மை மாடுகளோடு சரக்கு ரயிலில் ஏற்றி இங்கே இறக்கினார்களே, அப்போது இந்த வீட்டில் இருந்தவன்தான். அவர்களை ஜெர்மனிக்கு அனுப்பும்வரை ஒரே அடுப்பில் அவன் அம்மாவும் நானும் சமைத்தோம். வீட்டைத் திருப்பிக் கேட்கத்தானே வருகிறான்?

உனக்குத்தான் இந்த ஊர் தெரியுமே. இரண்டு மலைக்கு நடுவே ஒரு ஓடை, ஓடைக்கு இரண்டு பக்கமும் கிழக்கிலிருந்து வந்த நாம். இன்றுவரை இங்கே ஒருவரும் வால்நட் மரம் நடவில்லை, காய்க்கும்வரை இருக்க விடுவார்களா என்று. என் வீட்டுக்காரர் களஞ்சியக் கூரையைத் தொடவே இல்லை. கேட்டால், "எவனோ வந்து உக்கார நான் ஓடு போடணுமா?" என்பார். பெரேஸ்னாவிலிருந்து கொண்டுவந்த நம் மரப்பெட்டி, அன்று கட்டிய கயிறோடு கதவோரம் அப்படியே இருக்கிறது. பாலத்துக் கல்லில் நாம் பூசிய சுண்ணாம்பு உதிர்ந்து, ஊரின் பழைய ஜெர்மன் பெயர் வேறு எட்டிப் பார்க்கிறது. பயமாக இருக்கிறது, அக்கா.

உன் தங்கை,
ஸ்தெஃபானியா

விரோட்ஸ்வாஃப்,
13 மே 1972

அன்புள்ள ஸ்தெஃபா,

பயந்தாங்கொள்ளி! துரத்தினால் இங்கே வா. ஒரே அறைதான், உன் வீட்டுக்காரர் குறட்டையை மட்டும் அங்கேயே விட்டுவிட்டு வரச் சொல்.

அவன் வந்தால் கசகசா கேக் வை. காபி கொடு. ஒரு காகிதத்திலும் கையெழுத்துப் போடாதே.

உண்மையைச் சொல்கிறேன், எனக்கும் பயம்தான். உடனே எழுது.

ரோசாலியா

லிப்கி,
18 மே 1972

அன்புள்ள அக்கா,

நேற்று வந்துவிட்டுப் போனான். தலை நரைத்துவிட்டது. மனைவியும் கூட வந்தாள். கேக்கைத் தொடவில்லை, நேரே களஞ்சியத்துக்குப் போய் அண்ணாந்து பார்த்தபடி நின்றான். என் வீட்டுக்காரர் போர்க்காலத்தில் ஜெர்மன் பண்ணையில் அடிமை வேலை செய்தவர், அவன் பேச்சு புரியும். திடீரென்று இவர் முகம் சிவந்தது.

"என்னங்க, வீட்டக் கேக்குறானா?"

"இல்லடி. கூரைய அவன் பாதியில விட்டுட்டுப் போனானாம், மீதி ஓட்ட மூலையில அடுக்கி வச்சிருந்தானாம், ஏன் இன்னும் போடலன்னு கேக்குறான்."

ஓடுகள் அப்படியேதான் இருந்தன, பாசி பிடித்து. எர்வின் குனிந்து ஒன்றை எடுத்துத் துடைத்து இவர் கையில் கொடுத்தான். ஜெர்மனியில் சொந்த வீடு கட்டிவிட்டானாம், பேரன் இருக்கிறானாம். காபி குடித்தான், என் கையைக் குலுக்கினான், போய்விட்டான். எனக்கு அழுகை அடங்கவில்லை.

இவர் இரவு சாப்பிடவில்லை. காலையில் எழுந்து வந்து, "ஏணியக் கட்டணும், கயிறு எங்க?" என்றார். வீட்டில் வேறு கயிறு ஏது? பெட்டியை அவிழ்த்துக் கொடுத்தேன். உள்ளே நம் அம்மாவின் கம்பளிக் கோட்டைப் பூச்சி தின்றிருந்தது.

இப்போது மேலேதான் இருக்கிறார். மழை வரும்போல மலைப் பக்கம் இருட்டிக்கொண்டு வருகிறது. கூப்பிட்டால், "இன்னும் ரெண்டு வரிசைடி" என்கிறார். அந்தக் கயிறு பெரேஸ்னாவில் அப்பா திரித்தது. தாங்குமா, அக்கா?

ஸ்தெஃபானியா