அண்ணியின் கையும் கண்ணாடித்தாள் பாவாடையும்

ஹொனலுலு, மார்ச் 2, 1953
வெள்ளிக்கிழமை தொலைக்காட்சி ஆட்டம்பாட்டத்துக்கு இந்த மாதம் முழுக்க என் கடைதான் விளம்பரதாரர். கிடங்கில் கண்ணாடித்தாள் பாவாடைகள் கூரை வரை கிடக்கின்றன. கப்பலில் வருகிறவர்கள் அள்ளிக்கொண்டு போவார்கள் என்று நம்பி வாங்கிப் போட்டது. ஊரே பார்க்கிற பெட்டியில் காட்டியும் நகராவிட்டால் கடையை மூட வேண்டியதுதான்.

எங்கள் ஊர் நடனமான ஹூலாவை ஆட என் கணவரின் அக்கா கபேக்காவைக் கேட்டிருக்கிறேன். ஆட்டத்தில் அவளுக்கு மிஞ்சி தீவில் ஆள் இல்லை. உடம்பிலும்.

மார்ச் 4
"மிட்டாய்க்குச் சுத்துற தாள எனக்குச் சுத்தப் பாக்குறியா, எமலியா? நான் பருத்தி அங்கியிலதான் ஆடுவேன்."
"அங்கிய நான் விக்கலையே, அண்ணி."
"அப்ப நீயே ஆடிக்கோ."
அவள் தம்பி குடும்பத்துக் கடை போய்விடும் என்று கண்ணைக் கசக்கினேன். ஒத்துக்கொண்டாள். சிரித்துக்கொண்டே. அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டாமா?

மார்ச் 6, வெள்ளி
மானம் போச்சு.

பாட்டில் மலை, தூறல், அலை. அண்ணியின் கையில் நான். ஓயாத வாய், முன்னால் தள்ளிய வயிறு, என் கடை, அப்புறம் இறுக மூடிய ஒரு முஷ்டி. மறு கையால் விரல் விரலாகப் பிரித்துப் பார்க்கிறாள், திறக்கவே இல்லை. ஹூலாவில் கதை சொல்வது கைதான், இங்கே பிறந்த எல்லாருக்கும் தெரியும். கலிபோர்னியாவிலிருந்து வந்த தொகுப்பாளருக்குத் தெரியாது. "பாருங்க, அலை எவ்வளவு சாந்தமா வருது" என்கிறார், முஷ்டியைக் காட்டி. கிட்டார்க்காரன் சிரிப்பில் தாளத்தை விட்டுவிட்டான். நேரடி ஒளிபரப்பு — யார் நிறுத்துவது?

மார்ச் 7
கடை கொள்ளாத கூட்டம். மீன்காரி முஷ்டியைக் காட்டி, "சல்லிக்காசு குறைக்க மாட்டியாமே, நெசமா?" என்றாள். குறைக்கவில்லை. வாங்கினாள்.
மற்றபடி பாவாடை வாங்கியதெல்லாம் ஆண்கள். விருந்தில் அண்ணி மாதிரி ஆடிக் காட்டவாம். எதற்கோ, போகட்டும். கிடங்கில் தரை தெரிகிறது.

மார்ச் 13, வெள்ளி
அண்ணிக்கு என்மேல் இரக்கம் வந்துவிட்டது. ஒழுங்காக ஆடினாள். தூறல் தூறலாகவே இருந்தது.

மார்ச் 14
ஈ ஓட்டினேன்.

மார்ச் 16
அண்ணி வீட்டில் சாப்பாடு.
"இந்த வெள்ளிக்கிழமை மறுபடி என்னைத் திட்டணும், அண்ணி."
"கோவம் வந்தாத்தானேடி கை பேசும். எனக்குத்தான் கோவமே இல்லையே."
பன்றிக்கறியை ஒரு வாய் வைத்தேன். "உப்புத் தூக்கல்" என்றேன். "எப்பவும் போல."
மேசைமேல் அவள் விரல்கள் மெல்ல அசைய ஆரம்பித்தன.

மார்ச் 20, வெள்ளி
என் மூக்கு, என் சமையல், நான் ஏறிய படகு பட்ட பாடு. ஆடியது பருத்தி அங்கியில்.
நாளைக்குக் கடைக்கு இன்னும் இரண்டு பேரை வரச் சொல்லியிருக்கிறேன். விற்க அதே மாதிரி அங்கியும் தைக்கக் கொடுத்தாயிற்று.