வெள்ளிக்கிழமை பத்தரை முதல் பன்னிரண்டு வரை

அன்புள்ள ஜெபசிங்,

போதுமான காலம் வாயை மூடிக்கொண்டு இருந்துவிட்டேன். நீ உயிரோடு இருந்தபோதே பேசியிருக்க வேண்டியது. நீ போய் மூன்று வருடம் ஆன பிறகு, நாலு பேர் கேட்கும்படி உன்னிடம் பேசுகிறேன்.

முதலில் செய்தி. வழக்கில் நான் ஜெயித்துவிட்டேன். திருத்திய முதுநிலைப் பட்டியல் போன வாரம் வந்தது. என் பெயர் மேலே, உன் பெயர் அதற்கு அடுத்து. வட்டாட்சியர் பதவி உயர்வுக்கு என் பெயரை அனுப்பியிருக்கிறார்கள். ஓய்வுபெற இன்னும் பதினெட்டு மாதம் இருக்கிறது. உன் குடும்பத்துக்கு இதனால் ஒரு குறையும் வராது என்று வக்கீல் சொன்னார். உன் நல்ல பெயரைப் பற்றி அவரிடம் நான் கேட்கவில்லை.

நாம் பணியில் சேர்ந்த நாள் உனக்கு நினைவிருக்கும். இருவருக்கும் ஒரே தேதியில் ஆணை, ஒரே அலுவலகம், ஒரே பேருந்து. ஒரே நாளில் சேர்ந்தால் வயதில் மூத்தவன் முன்னால் வர வேண்டும். நான் உன்னைவிட ஏழு மாதம் மூத்தவன். ஆனால் அன்று வெள்ளிக்கிழமை. பத்தரை முதல் பன்னிரண்டு வரை ராகுகாலம். அந்த நேரத்தில் கையெழுத்துப் போடக் கூடாது என்று அம்மா சத்தியம் வாங்கித்தான் அனுப்பியிருந்தாள்.

வாசலில் நின்று உன்னிடம் சொன்னேன். நீ சிரித்தாய்.

"எங்களுக்கு ராகுவும் இல்ல, கேதுவும் இல்ல. நான் போய்ப் போடுகேன். நீ அம்மைக்க மனசு நோவாம பன்னெண்டு கழிஞ்சு வா மக்கா. வேலை எங்க ஓடியா போவுது?"

நீ முற்பகல். நான் பிற்பகல். பதிவேட்டில் அப்படித்தான் ஏறியது. அரை நாள்.

இருபது வருடம் கழித்து ஒரே ஒரு துணை வட்டாட்சியர் இடம் வந்தபோதுதான் அந்த அரை நாளின் எடை தெரிந்தது. நீ அந்த நாற்காலியில் உட்கார்ந்தாய். நான் எழுதிய குறிப்புகள் உன் மேசைக்கு வந்து, சிவப்பு மையில் திருத்தப்பட்டுத் திரும்பின. திருத்தம் சரியாகவே இருக்கும். அதுவும் எனக்குப் பொறுக்கவில்லை.

வழக்குப் போட்டேன். ராகுகாலம் பார்த்தேன் என்று மனுவில் எழுத முடியுமா? அலுவலர் வெளியூர் முகாம் போயிருப்பதாகச் சொல்லி என்னைக் காக்க வைத்தார்கள் என்று எழுதினேன். அது பொய் என்று தெரிந்த ஒரே ஆள் நீ. வழக்கில் நீ நான்காம் எதிர்மனுதாரர். உன் பதில் மனுவை வாங்கிப் படித்தேன். 'மனுதாரர் பிற்பகலில் பணியேற்றார்.' அவ்வளவுதான். காரணத்தைப் பற்றி ஒரு சொல் இல்லை.

ஏன் எழுதவில்லை? எழுதியிருந்தால் நான் தோற்றிருப்பேன். தோற்றிருந்தால் உன்னை நிம்மதியாக வெறுத்திருப்பேன். அதற்கும் வழியில்லாமல் செய்துவிட்டாயே.

வாய்தாவுக்கு மதுரை போகும்போது நாகர்கோவில் பேருந்து நிலையத்தில் பலமுறை எதிரெதிரே நின்றோம். ஒருமுறை நீ ஜன்னல் வழியாகக் கூப்பிட்டாய். "ஏலே, இங்க இடம் கெடக்கு, வாறியா? கேசு மதுரையில போய்த் தொடங்கினாப் போரும்." நான் அடுத்த பேருந்தில் போனேன்.

உன் மகள் சுஜா நம் அலுவலகத்தில்தான் இருக்கிறாள். உன் வாரிசாகக் கிடைத்த வேலை, பணியமைப்புப் பிரிவில். திருத்திய பட்டியலைத் தட்டச்சு செய்தது அவள். பார்வைக்கு என்னிடம் கொண்டு வந்ததும் அவள்தான். நான் கையெழுத்துப் போட்ட பிறகும் நின்றாள்.

"மாமா, ஒண்ணு கேக்கட்டா? ஆபீசர் இல்லைன்னு ஒங்ககிட்ட சொல்லி வெளிய நிறுத்திட்டு, அப்பா பின்வாசல் வழியா போய்க் கையெழுத்துப் போட்டாவளாம். கேன்டீன்ல சொல்லிச் சிரிக்காவ. நெசமா?"

"அது பழைய கதை மக்களே. விடு."

"கதை பழசுதான் மாமா. சொல்லுகவிய இன்னைக்கில்லா சொல்லுகாவ."

பட்டியலை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். மறுபடி என் மேசைக்கு வரவில்லை. கோப்புகளைக் கடைநிலை ஊழியரிடம் கொடுத்து அனுப்புகிறாள்.

ஆகவே எழுதுகிறேன். அன்று அலுவலர் முகாம் போகவில்லை. அவர் அறையில்தான் இருந்தார். ஜெபசிங் முன்வாசல் வழியாகப் போனான், பத்தரைக்கு மேல் கையெழுத்துப் போட்டான். யாரையும் ஏமாற்றவில்லை. இன்னொருவன் தானாக வேப்பமரத்தடியில் பன்னிரண்டு மணிக்காகக் காத்திருந்தான்.

இதை நம் ஊழியர் சங்கத்தின் மாத இதழுக்கு அனுப்புகிறேன். என் பெயரை மட்டும் போடவில்லை. போட்டால் பதவி உயர்வு ஆணை போய்விடும். வட்டாட்சியர் நாற்காலி எனக்கு வேண்டும், ஜெபசிங். வேண்டாம் என்று உன்னிடம்கூட நடிக்க முடியவில்லை.

அன்று அங்கே சேர்ந்தவர்கள் நாம் இருவர் மட்டும்தான். சுஜாவுக்கு ஆளைக் கண்டுபிடிக்க ஐந்து நிமிடம் ஆகாது. அவள் இதழைக் கையில் வைத்துக்கொண்டு வந்து கேட்டால் மறுக்க மாட்டேன். நீதிமன்றத்துக்கே கொண்டுபோனாலும் மறுக்க மாட்டேன். நானாகப் போய்ச் சொல்லவும் மாட்டேன். என்னால் கொடுக்க முடிந்த வாக்கு இவ்வளவுதான்.

'உன் சேக்காளி' என்று எழுதி, கீழே பெயரும் எழுதினேன். இரண்டையும் அடித்துவிட்டேன். இங்கே போட்டால் தபால் நிலையத்தில் என் எழுத்தை அறிவார்கள். நாளைக் காலை குழித்துறை போய், கையெழுத்து இல்லாமல், அங்கே பெட்டியில் போட்டுவிடுவேன்.