சாப்பாட்டு அறையின் மூலை

1998, மே 14. இன்று எனக்கு எண்பத்திரண்டு வயதும் ஆறு நாட்களும்.

அன்புள்ள கிறிஸ்பின்,

நேற்று நீ அழைத்துச் சென்று காட்டிய தோர்ன்லி மாளிகை முதியோர் இல்லத்துக்குப் பொருத்தமான இடம்தான். அதுவும் என்னைப் போலவே பல வேலைகள் பார்த்துக் களைத்திருக்கிறது.

"பிரபுக்கள் விருந்து சாப்பிட்ட அறையைத்தான் தடுத்துப் படுக்கையறை ஆக்கியிருக்கோம், கண்ணு. நீங்க கொடுத்துவச்சவங்க," என்றாள் நிர்வாகி.

"அதான் இன்னும் முட்டைக்கோஸ் வாடை போகலை," என்றேன். நீ என் முழங்கையைக் கிள்ளினாய்.

அதன்பின் நீங்கள் பேசியது எதுவும் என் காதில் விழவில்லை. உயரமான ஜன்னல்களின் வெயிலில் அந்த அறை தூங்கியபடியே தன் பழைய நாட்களைக் கனவு காண்பதுபோல் இருந்தது. வேட்டையிலிருந்து திரும்பிய கனவான்கள், முதல் உலகப் போரில் காயம்பட்ட சிப்பாய்கள், பிரெஞ்சுப் பாடம் ஒப்பிக்கும் பள்ளிச் சிறுமிகள், எல்லாரும் ஒருவர் ஊடாக ஒருவர் ஓசையின்றி நடந்துபோனார்கள்.

"ஏரி தெரியற மாடி அறை வேண்டாம், அந்தச் சாப்பாட்டு அறையோட இருட்டு மூலைதான் வேணுமா? உனக்குப் பிடிவாதம்மா," என்று காரில் கோபித்தாய். கேம்பிரிட்ஜில் தர்க்கம் படித்தவள் காரணமின்றிப் பிடிவாதம் பிடிப்பதில்லை. அந்த மூலை கிடைக்காவிட்டால் நான் வரமாட்டேன்.

இரண்டாம் போரின்போது, குண்டுகளுக்கு அஞ்சி லண்டனிலிருந்து அனுப்பப்பட்ட கர்ப்பிணிகளுக்கு அந்த மாளிகை பிரசவ விடுதியாக இருந்தது. அந்த மூலையில்தான் நீ பிறந்தாய். ஞாயிறுதோறும் மற்றவர்களின் கணவர்கள் பார்க்க வரும் வேளையில், தலைமைச் செவிலி ஜன்னல் திரையின் பித்தளை வளையம் ஒன்றைக் கழற்றி என் விரலில் மாட்டிவிடுவாள். கப்பலோடு மூழ்கிப்போனதாக நான் உனக்குச் சொல்லிவந்த கணவர் எனக்கு இருந்ததே இல்லை.

உன் அம்மா