அப்பா திரும்பி வராத கதை

இன்று கறுப்பு மைப்புட்டியைத் திறந்தேன். நீ போன பிறகு இதுதான் முதல் முறை. அந்தக் காட்டமான வாசனை மூக்கில் ஏறியதும் மதிய நேரத்து நம் அலுவலகம் கண்முன் வந்துவிட்டது. தபால் பிரிவில் டிபன் டப்பாவை ஒரு பக்கம் தள்ளிவைத்துவிட்டு நீ பிள்ளைகளுக்குக் கதை எழுதுவாய். எதிரே உட்கார்ந்து நான் அதற்குப் படம் போடுவேன். முயல், கிளி, யானைக்குட்டி. நம் நான்கு புத்தகங்களும் பள்ளிக்கூடங்களில் நன்றாகப் போயின. காரைக்காலில் உன்னை 'முயல் கதை அம்மா' என்றார்கள். உனக்கும் அது பிடித்துத்தான் இருந்தது.

கருக்களாச்சேரிப் பள்ளிக்குப் போகும்வரை. நீ கதையைப் படித்து முடித்ததும் மூன்றாம் வகுப்புப் பெண் ஒருத்தி எழுந்தாள்.

"எங்கப்பா கடலுக்குப் போனாங்க, வரலை. உங்க கதையில மட்டும் எல்லாரும் எப்படிங்க வீட்டுக்கு வந்துடுறாங்க?"

திரும்பும்போது பஸ்ஸைவிட்டு இறங்கியதும் சொன்னாய்: "அவ கேட்டது சரிதான்டி. இத்தனை நாளா பொய் சொல்லிக்கிட்டு இருந்திருக்கேன்."

மறுவாரமே, கடலுக்குப் போன ஓர் அப்பாவைப் பற்றிப் படகுக் கதையை எழுதினாய். அதில் அப்பா திரும்பி வருவதில்லை. அம்மாவும் மகளும் அழுகிறார்கள். பிறகு மகள் பசிக்கிறது என்கிறாள், இருவரும் சோறாக்குகிறார்கள். அவ்வளவுதான் கதை. கடைசிப் படத்தில் அப்பாவுக்கு முகம் வேண்டாம் என்றாய். ஏன் என்று கேட்டேன். "அது உன் வேலையும் இல்ல, என் வேலையும் இல்ல."

பதிப்பாளர் உன் வீட்டுக்கே வந்தார். "நல்லாருக்கும்மா. அப்பா திரும்பி வந்துட்டாருன்னு ரெண்டே வரி சேர்த்துடுங்க."

"அந்தப் புள்ள முன்னாடி நின்னு அந்த ரெண்டு வரிய நீங்க படிச்சுக் காட்டுங்க சார். அப்புறம் சேர்க்குறேன்."

கையெழுத்துப் படியை மேசையில் வைத்துவிட்டுப் போனவர் உன் கதை எதையும் பிறகு போடவில்லை. பிள்ளைகளை அழவைக்கிறாள் என்று பேச்சு கிளம்பியது. ஆண்டுவிழாக்களுக்குக் கூப்பிடுவது நின்றது. சொல்ல வெட்கமாக இருக்கிறது, நான்கூட "விட்டுடேன்" என்றேன். நிமிர்ந்து பார்த்தாய். "நீ வேணா விட்டுடு."

நான் விடவில்லை. ஊரிலேயே ஓர் அச்சகத்தில் போட்டு, முதல் படியை அந்தப் பெண்ணிடம் கொண்டுபோனோம். தரையில் உட்கார்ந்து எழுத்துக்கூட்டிப் படித்தாள். கடைசிப் பக்கத்தில் முகமில்லாத அப்பாவை விரலால் தடவினாள்.

"எங்கப்பா மீசை வச்சிருப்பாங்க."

நான் வாய் திறப்பதற்குள் நீ பையிலிருந்து பென்சிலை எடுத்து அவளிடம் நீட்டிவிட்டாய். என் படத்தின் மேல் பெரிய மீசை ஒன்று வந்தது. பிறகு கண்கள். பிறகு பல் தெரியச் சிரிப்பு. அவளும் சிரித்தாள். அதைவிட நல்ல படம் என் கையால் இன்றுவரை வரவில்லை.

ஐப்பசியில் நீ போய்விட்டாய். இரங்கல் கூட்டத்தில் பேசியவர்கள் எல்லோரும் முயலையே பேசினார்கள். படகுக் கதை என்று ஒன்று இருந்ததாகவே ஒருவரும் காட்டிக்கொள்ளவில்லை. எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. மேடையே ஏறாத நான் ஏறி, அந்தப் புத்தகத்தை விரித்துப் படிக்க ஆரம்பித்தேன். தலைமை தாங்கியவர் பக்கத்தில் வந்து குனிந்தார்.

"பிள்ளைங்க உக்காந்திருக்காங்கம்மா. இது வேணாமே."

"பிள்ளைங்களுக்குத்தாங்க எழுதினாங்க."

சோறாக்கும் வரிவரை படித்துவிட்டுத்தான் இறங்கினேன்.

அன்றிலிருந்து மாதம் ஒரு பள்ளிக்குப் போகிறேன். கோட்டுச்சேரிமேடு, குரும்பகரம், எங்கே உள்ளே விடுகிறார்களோ அங்கே. "சந்தோஷமான கதையா சொல்லுங்க" என்று வாசலிலேயே சொல்லிவிடுகிறார்கள். சரிங்க என்று தலையாட்டிவிட்டு, உள்ளே போய் அந்த அப்பா வராத கதையைத்தான் படிக்கிறேன். இரண்டு பள்ளிகள் இனி வர வேண்டாம் என்றுவிட்டன. இன்னும் எத்தனையோ பள்ளிகள் இருக்கின்றன.