அபயாம்பாளின் கடைசி நாற்பது பக்கம்

உ

ரங்கத்
அந்தமான்
11-8-1968

அன்பு மகள் சுசீலாவுக்கு அம்மா ருக்கு ஆசீர்வாதத்துடன் எழுதியது. இங்கே நானும் ஏழு கோழிகளும் ஒரு குறைவும் இல்லாமல் இருக்கிறோம். உன் சுகத்தைத் தெரிந்துகொள்ள உன் கடிதத்தின் எட்டுப் பக்கத்தையும் புரட்டினேன், ஏழே முக்கால் பக்கத்தில் அபயாம்பாள் கதை எழுதிய எழுத்தாளரின் சுகம்தான் இருந்தது, கடைசிக் கால் பக்கத்தில் உனக்கு இருமல் என்று கண்டேன். மெட்ராஸில் எம்.ஏ. படிக்கிற பெண்ணுக்கு மிளகுக் கஷாயம் எப்படி வைப்பது என்று மூன்றாம் வகுப்போடு நின்ற நான் சொல்லக் கூடாதுதான், ஆனாலும் சொல்கிறேன், வெல்லம் போடாதே.

கடிதம் கப்பலில் போர்ட் பிளேயர் வந்து, அங்கே ஒரு வாரம் ஓய்வெடுத்து, பிறகு மோட்டார் போட்டில் ரங்கத் வந்து சேர்ந்தபோது உன் கோபம் கொஞ்சமும் ஆறவில்லை. அபயாம்பாள் கதையைப் பற்றி வகுப்பில் கேட்டார்களாம், நீ எழுந்து நின்று, புருஷன் செத்த பிறகு அபயாம்பாள் மாமியார் வீட்டை விட்டு வந்து கிழங்கும் இட்லியும் விற்றுப் பிழைத்தாள் என்று சொன்னாயாம், வகுப்பே சிரித்ததாம், புரொபசர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு, அம்மா நீ எந்த ஊர், அந்த நாவலில் அவள் பதினாறாம் நாள் காவேரியில் இறங்கிச் செத்துப்போகிறாளே என்றாராம். அப்பா பொய்யை எழுதி வைத்து உன்னை எல்லார் முன்னாலும் தலைகுனிய வைத்துவிட்டார் என்று எழுதியிருக்கிறாய். பங்குனியில் போன மனுஷன் ஆவணி பிறப்பதற்குள் பொய்யனும் ஆகிவிட்டார், நல்லது. புத்தகமாக வந்தபோது வெட்டியதெல்லாம் வாரப் பத்திரிகையில் படத்தோடு முழுசாக இருக்கிறதாம், அதனால் பத்திரிகையிலிருந்து பிரித்து நாம் தைத்து வைத்திருக்கிற பைண்டு புத்தகம் உன் ஆராய்ச்சிக்கு வேண்டுமாம், அப்பா கையால் எழுதிய கடைசி நாற்பது பக்கத்தை மட்டும் கிழித்துவிட்டு அனுப்ப வேண்டுமாம். கிழித்துவிடு என்று எவ்வளவு சின்ன வார்த்தையில் எழுதிவிட்டாய். கோணி ஊசியால் தைத்துக் கோந்து காய்ச்சி ஒட்டினவள் நான், கரையான் வராமல் அதில் மயில்துத்தம் கலந்தவளும் நான், கிழிக்கிற வேலையும் எனக்குத்தான் வர வேண்டும், நியாயம்.

அந்த மகானுபாவரின் வாழ்க்கை வரலாற்றையும் எழுதியிருந்தாய், படித்துப் புல்லரித்தது. முதல் சம்சாரம் அவர் கிறுக்கியதையெல்லாம் நல்ல எழுத்தில் திருத்தி எழுதிக் கொடுத்து, கண் கெட்டு, செத்தும் போனாளாம், நாற்பதாம் நாள் இரண்டாவது மாலை மாற்றிக்கொண்டாராம். அப்படிப்பட்டவர் அபயாம்பாளுக்குப் பதினாறு நாள்தான் கொடுத்திருக்கிறார். பாவம், நாற்பது நாள் அவகாசம் உண்டு என்று அவளுக்கு யாரும் சொல்லவில்லை. கதையில் அவள் புருஷன் ரங்கூனுக்குக் கப்பலேறுகிற இடம் ஞாபகம் இருக்கிறதா, நிலா வெளிச்சமும் வெள்ளி அலையும் தென்றலுமாக ஒன்பது பக்கம். நீ இப்போது எழுதுகிறாய், அவர் கும்பகோணத்தைத் தாண்டியதே இல்லையாம், கடலையே பார்த்ததில்லையாம். நான் அப்போதே சொன்னேன், இந்த ஆளைக் கப்பல் அடித்தட்டு பங்க் கிளாஸில் நாலு நாள் படுக்கப் போட்டு, பக்கத்துப் பாயில் இருக்கிறவள் வாந்தியையும் கழுவவிட்டால் தென்றல் எந்தப் பக்கம் அடிக்கிறது என்று தெரியும் என்று. உன் அப்பா சிரித்துவிட்டு, அது இலக்கியம் ருக்கு, சும்மா கேளு என்றார்.

உனக்கு அப்போது பதினொரு வயது, சிலது தெரிந்திருக்காது. இங்கே பத்திரிகை வாராவாரம் வந்ததில்லை, கப்பல் வந்தால் ஐந்து வாரத்துப் பத்திரிகை ஒரே கட்டாக வரும், அதிலும் ஒன்று நனைந்து போயிருக்கும், ஒன்று காணாமல் போயிருக்கும். வராத அத்தியாயத்தை யாரிடம் இருக்கிறதோ அவர்களிடம் இரவல் வாங்கிக் கையால் எழுதிச் சேர்த்துத் தைப்பதுதான் இங்கே இருந்த தமிழ்க்காரர்கள் அத்தனை பேருக்கும் வழக்கம். அபயாம்பாள் கதையிலேயே பன்னிரண்டாவதும் முப்பத்தொன்றாவதும் ஹெட்மாஸ்டர் வீட்டுப் பிரதியைப் பார்த்து உன் அப்பா எழுதியவை, அவற்றில் ஒரு பொய்யும் கிடையாது, ஒத்துப் பார்த்துக்கொள். கதை முடியும் சமயத்தில், ஐம்பத்தேழாம் வருஷம், அவர் மர டிப்போவில் மயங்கி விழுந்து இரண்டு மாதம் போர்ட் பிளேயர் ஆஸ்பத்திரியில் கிடந்தார். திரும்பி வரும்போது பையில் நாற்பது பக்கம் எழுதிக் கொண்டுவந்தார், பக்கத்துக் கட்டில்காரர் பத்திரிகையைப் பார்த்து எழுதினேன், இதோடு கதை முடிந்தது என்றார். உடம்புக்கு என்ன என்றேன், வாய்வு என்றார். இரண்டையும் நம்பினேன். அதையும் சேர்த்துத் தைத்தேன். இந்த ஊரில் அந்த ஒரு புத்தகம்தான் வீடு வீடாகப் போனது.

நம்பினவளுக்குப் புத்தி எங்கே போனது என்று இப்போது கேட்டுக்கொள்கிறேன். காவேரிக் கரையில் பிறந்த அபயாம்பாள் கடைசி நாற்பது பக்கத்தில் மரவள்ளிக்கிழங்கு வேகவைக்கிறாள், காலில் அட்டை கடித்தால் உப்பு வைக்கிறாள், எடை குறைத்துப் போட்ட கடைக்காரனை, உன் தராசுக்குக் காய்ச்சலா என்று கேட்கிறாள். நான் சொக்கலிங்கத்தைக் கேட்டது அது, வார்த்தை மாறாமல். எந்தக் கும்பகோணத்தில் அட்டை கடிக்கிறது? உன் கடிதம் வந்த பிறகு, சாமான் கொடுக்க வீட்டுக்கு வந்த சொக்கலிங்கத்திடமும் விஷயத்தைச் சொன்னேன். பொடி மட்டையை மடித்துக்கொண்டே, மெட்ராஸ்காரன் தப்பா அச்சடிச்சிருப்பான் அக்கா, நம்ம புஸ்தகம்தான் பக்கா என்றான். புருஷன் அடைக்கலசாமி கடலோடு போன பிறகு போட் நிற்கிற ஜெட்டியில் இட்லிக் கடை போட்டாளே ரீத்தா, அவள் மூன்று வருஷம் முன்னால் நான் அந்த நாற்பது பக்கத்தை வாசிக்கக் கேட்டுவிட்டுத்தான் அடுப்பு மூட்டினாள். அபயாம்பாள் உண்மையில் செத்துவிட்டாளாம் என்று நம் வாசல் வழியாகப் போன அவளிடம் சொன்னேன், அவ செத்தா சாவட்டும் மைனி, எனக்கு மாவாட்டணும் என்று போய்விட்டாள். உன் புரொபசர் இங்கே வந்து சிரித்திருந்தால் பசியோடுதான் திரும்பியிருப்பார்.

கிழிப்பதற்கு முன்னால் நிஜமான முடிவு வீட்டில் எங்கேயாவது கிடக்கிறதா என்று உன் அப்பாவின் டிரங்குப் பெட்டியைக் கவிழ்த்தேன். அடியில் விரித்திருந்த காகிதத்துக்குக் கீழே மூன்று பத்திரிகை, தபால் முத்திரையோடு. கடைசி மூன்று வாரமும் ஒழுங்காக வந்திருக்கிறது, ஆஸ்பத்திரி விலாசத்துக்கே வரவழைத்திருக்கிறார். அபயாம்பாள் தண்ணீரில் கால் வைக்கிற பக்கத்தின் ஓரத்தில் பென்சிலால், இதை ருக்குவிடம் காட்டக் கூடாது, 9-10-57 என்று எழுதியிருந்தார். அதற்குள்ளேயே ஆஸ்பத்திரிச் சீட்டு ஒன்று மடித்து இருந்தது, இங்கிலீஷில். கம்பவுண்டரிடம் கொண்டுபோய்க் காட்டினேன். இருதயத்தில் கோளாறு, அதிகம் போனால் இரண்டு வருஷம் என்று எழுதியிருக்கிறதாம். சீட்டில் தேதி 8-10-57.

காட்டக் கூடாது என்று எழுதி வைத்தால் யார்தான் படிக்காமல் இருப்பார்கள், படித்தேன். சாகப் போகிறவள் பதினோரு பக்கம் காவேரியோடு பேசுகிறாள், அவ்வளவு பேச மூச்சு இருக்கிறவள் எதற்குச் சாக வேண்டும் என்று அந்த மகானுபாவருக்குத் தோன்றவில்லை. ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்த மர டிப்போ கிளார்க்குக்குத் தோன்றியிருக்கிறது. டாக்டர் சொன்ன மறுநாள், தான் போன பிறகு இவள் என்ன கதையை நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள் என்று யோசித்திருக்கிறார். வாயால் சொல்லியிருக்கலாம் அல்லவா, மாட்டார், எனக்குச் சொன்னது வாய்வு, அபயாம்பாளுக்கு எழுதியது இலக்கியம். டாக்டர் சொன்ன இரண்டு வருஷத்தை வைத்துக்கொண்டு பதினோரு வருஷம் ஓட்டினார், அதிலாவது சொல்வதற்கு ஒரு சாயங்காலம் கிடைக்கவில்லையா என்று மாட்டியிருக்கிற படத்தைப் பார்த்து மூன்று நாள் சண்டை போட்டேன். நாலாவது நாள்தான் அழுதேன். நீ கவலைப்பட வேண்டாம், அழுது முடித்துச் சாப்பிட்டேன்.

ஆகவே நான் செய்திருப்பது இதுதான். பைண்டைப் பிரித்து, கடைசி நாற்பது பக்கத்தின் நூலை மட்டும் பிளேடால் அறுத்து எடுத்துவிட்டேன், கிழிக்கவில்லை. அந்த இடத்தில் நிஜமான மூன்று வாரத்தையும் வைத்துத் தைத்துவிட்டேன். உன் மகானுபாவர் முழுசாக வருகிறார், படம், விளம்பரம், காவேரி எல்லாவற்றோடும். நாற்பது பக்கம் வராது. நீ கேட்டதும் அதுதான், உன் ஆராய்ச்சிக்கு இடைஞ்சல் இல்லை. அது எனக்கு எழுதிய கடிதம், பிரித்துப் படிக்கத்தான் பதினோரு வருஷம் ஆகிவிட்டது.

மெரைன் ஆபீஸ் சிவஞானம் லீவில் மெயின்லேண்ட் போகிறான், வியாழக்கிழமை போட்டில் அவன் கையில் பார்சலைக் கொடுக்க நானே ஜெட்டிக்குப் போகிறேன். பங்குனிக்குப் பிறகு வாசலைத் தாண்டியது கம்பவுண்டர் வீட்டுக்கு ஒரு தடவைதான், அதுவும் முக்காடு போட்டுக்கொண்டு. அந்த நாற்பது பக்கத்தில் அபயாம்பாள் பதினேழாம் நாள் கத்தரிப்பூ நிறப் புடவை கட்டிக்கொண்டு சந்தைக்குப் போவாள். அன்றைக்கு அதை வாசித்தபோது இதெல்லாம் எந்த ஊரில் நடக்கும் என்று கேட்டேன், நம்ம ஊர்ல நடக்கும் என்றார் உன் அப்பா. அதே நிறத்தில் அவர் வாங்கிக் கொடுத்தது பெட்டியில் இருக்கிறது, வெயிலில் போட்டிருக்கிறேன். பார்க்கிறவர்கள் பார்க்கட்டும், ரீத்தா கடையில் இரண்டு இட்லி தின்றுவிட்டு வருவேன்.

உடம்பைப் பார்த்துக்கொள், படிப்பு நல்லபடியாக முடியட்டும், உன் அப்பாவும் முருகனும் கூட இருப்பார்கள். புத்தகத்தின் மூலையை மடிக்காதே, வேலை முடிந்ததும் நம்பிக்கையான ஆள் கையில் திருப்பி அனுப்பு. வகுப்பில் மறுபடியும் சிரித்தால் இன்னொரு முடிவும் உண்டு என்று தலைநிமிர்ந்தே சொல். அதை எழுதியவர் வரலாறு வேண்டுமென்று புரொபசர் கேட்டால் எழுதிக்கொடு: பெயர் ஜம்புலிங்கம், ரங்கத் மர டிப்போவில் கிளார்க், கடலைப் பார்த்தவர், ஒரே சம்சாரம், எழுதியது நாற்பது பக்கம், அதைப் படிக்க வேண்டியவள் ஒருத்தி, அவள் உயிரோடு இருக்கிறாள்.

இப்படிக்கு,
உன் அம்மா
ஜ. ருக்கு